பேணியும் கிணறும்: நாவலாசிரியர் கே. டானியல்



அக்கரைப்பற்றில் நான் பிறந்து வளர்ந்த வீட்டின் பின்புற விறாந்தையில், கூரைத் தாழ்வாரத்தின் கிடுகுக்குள் ஒரு தகரப் பேணி செருகப்பட்டிருக்கும். கிழமைக்கொரு முறை எங்கள் வீட்டு உடுப்புகளைச் சலவைக்கு எடுத்துச் செல்ல ஒரு பெண் வருவார். பொட்டணியை இறக்கி வைத்துவிட்டு அந்தப் பேணியைத் தம் கையாலேயே எடுத்து நீட்டுவார். என் மூத்தம்மா சற்று உயரத்திலிருந்து தேநீரை வார்ப்பார். அந்தப் பெண் குடித்து முடித்ததும் வாய்க்கால் ஓரத்திற் சென்று பேணியைக் கழுவி, மீண்டும் கிடுகுக்குள் செருகிவிட்டுப் போவார். அந்தப் பேணியை நான் ஒரு நாளும் தொட்டதில்லை. தொடக்கூடாது என்று எவரும் எனக்குச் சொன்னதுமில்லை. சொல்லாமலே தெரிந்திருந்தது.

பள்ளிவாசலிலே தொழுகை வரிசையில் செல்வரும் வறியவரும் தோளோடு தோள் சேர்ந்து நிற்பதைப் பெருமையோடு பேசிய வீடு எங்கள் வீடு. ஆதத்தின் மக்கள் அனைவரும் ஒன்றே என்பதை நாளும் கேட்ட செவிகள் எங்கள் செவிகள். ஆயினும் அந்தப் பேணி அங்கேதான் இருந்தது. என் மூத்தம்மாவின் வயதொத்த அந்தப் பெண்ணைச் சிறுவனாகிய நான் 'வா', 'போ' என்றுதான் அழைத்தேன். அவருடைய தொழிலின் பெயரே எங்கள் நாவில் அவருக்குப் பெயராக இருந்தது.

இவையெல்லாம் என் நினைவை விட்டு அகன்றே போயின. பல ஆண்டுகளின் பின் ஊர் வாசிகசாலையில் 'பஞ்சமர்' என்ற நாவல் என் கைக்கு எட்டியது. எழுதியவர் கே. டானியல். யாழ்ப்பாணத்துச் சலவைத் தொழிலாளர் குடும்பமொன்றிற் பிறந்தவர் அவர் என்று அறிந்தபோது, நான் மறந்திருந்த தகரப் பேணி என் கண்முன் வந்து நின்றது. எங்கள் வீட்டுப் பொட்டணியைச் சுமந்து சென்ற கைகளுக்குச் சொந்தமான வீட்டிலிருந்து ஒருவர் பேனாவை எடுத்திருந்தால் எங்களைப் பற்றி என்ன எழுதியிருப்பார்? இந்தக் கேள்வியே இன்றைய பேச்சுக்குக் காரணம்.

டானியல் 1920களில், யாழ்ப்பாண நகரை அடுத்துள்ள ஆனைக்கோட்டையிற் பிறந்தார். ஐந்தாம் வகுப்போடு அவருடைய பாடசாலைப் படிப்பு முடிந்துவிட்டது. கைத்தொழில் பழகினார், பின்னர் யாழ்ப்பாண நகரிலே வாகனத் திருத்தகம் ஒன்றை நடத்தினார். பட்டறையின் எண்ணெய்க் கறையும் இரும்புத் தூளும் படிந்த கைகளே அவருடைய நாவல்களை எழுதின. இளமையிலேயே பொதுவுடைமை இயக்கத்திற் சேர்ந்தார். மல்லிகை என்னும் இலக்கிய இதழை 1966இல் தொடங்கிப் பல்லாண்டுகள் நடத்திய டொமினிக் ஜீவாவும், பின்னர் நம் கிழக்கு மாகாணத்திலே நெடுங்காலம் ஆசிரியராகப் பணியாற்றிய எஸ். பொன்னுத்துரையும் அக்காலத்து அவருடைய எழுத்துத் தோழர்கள். ஜீவா முடிதிருத்தும் தொழிலாளர் குடும்பத்திலே தோன்றியவர். சவரக் கத்தியும் சலவைக் கல்லும் இலக்கிய மேடையில் ஏறி நின்ற காலம் அது. ஏற்கெனவே அங்கு வீற்றிருந்தோர் சிலருக்கு அது உவப்பாக இருக்கவில்லை என்பதைப் பின்னர் சொல்வேன்.

டானியலின் நாவல்களை விளங்கிக்கொள்வதற்கு முதலில் யாழ்ப்பாணத்து மண்ணை விளங்கிக்கொள்ளல் வேண்டும்.

நாம் கல்லோயாவின் வாய்க்கால்கள் பாயும் நாட்டிலே வாழ்கிறோம். இங்கினியாகலையிலே கட்டிய அணைக்குப் பின்னே தேங்கும் நீர் நம் வட்டைகளுக்கு வருகின்றது. நமக்குத் தண்ணீர் என்றால் அது ஓடிவருவது. யாழ்ப்பாணக் குடாநாட்டிலோ ஆண்டு முழுவதும் பாயும் ஆறு ஒன்றேனும் இல்லை. அங்கே நிலத்தின் அடியில் இருப்பது சுண்ணாம்புக் கல். மாரி மழை அந்தக் கல்லின் வெடிப்புகளினூடே இறங்கி, கீழே உள்ள உவர்நீரின்மேல் நன்னீர்ப் படையாகத் தங்கி நிற்கின்றது. அந்த நன்னீரைத் தொட வேண்டுமானால் கிணறு வெட்ட வேண்டும். கிணறு வெட்ட வேண்டுமானால் காணி வேண்டும். காணியோ உயர்சாதியாரின் கையில் இருந்தது.

இந்தக் கணக்கை ஒருமுறை மனத்தில் இருத்திக்கொண்டால் மற்றவை தாமாக விளங்கும். காணியில்லாதவனுக்குக் கிணறில்லை, கிணறில்லாதவனுக்குத் தண்ணீரில்லை. கொளுத்தும் வெயிலிலே குடத்தோடு வந்த பெண், பிறருடைய கிணற்றடியில் எட்டி நின்று, காணிக்காரர் வீட்டார் எவரேனும் வந்து அள்ளி ஊற்றும்வரை காத்திருக்க வேண்டும். அவளே துலாக்கயிற்றைப் பற்றிவிட்டால் கிணறு தீட்டுப்பட்டுவிடும். அவளுடைய கணவன் கூலிக்குச் சண்டை பிடித்தால் மறுநாள் அவள் குடம் நிரம்பாது. ஆகவே சாதி என்பது வெறும் மனத்தின் மாசு மட்டுமன்று. அது நிலத்திலும் நீரிலும் வேரோடியிருந்த ஓர் ஆட்சி. டானியல் இதனை நூல்களிற் படித்தறிந்தவரல்லர். கிணற்றடியில் நின்றவர்களின் வீட்டிலிருந்து வந்தவர் அவர்.

பஞ்சமர் என்ற சொல்லை அவர் ஐந்து சமூகத்தாருக்குப் பொதுப்பெயராக வழங்கினார். வண்ணார், அம்பட்டர், பள்ளர், நளவர், பறையர் என்போர் அவர்கள். இவர்களுள் சிலர் சட்டப்படியே அடிமைகளாக எண்ணப்பட்ட காலமும் யாழ்ப்பாணத்தில் இருந்தது. ஒல்லாந்தர் 1707இல் தொகுத்த தேசவழமைச் சட்டத்திலே அடிமைகளைப் பற்றிய விதிகள் எழுதப்பட்டிருந்தன. ஆங்கிலேயர் ஆட்சியில் 1844இல் இந்நாட்டில் அடிமை முறை சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. ஆனால் ஏட்டிலிருந்து அழிந்த அடிமைத்தனம் முற்றத்திலிருந்து அழியவில்லை. தோளிலே சால்வை போடக்கூடாது. முழங்காலுக்குக் கீழே வேட்டி இறங்கக்கூடாது. பெண்கள் மேலுடம்பை மறைக்கும் சட்டை அணியக்கூடாது. கோயில் வீதியைக் கடக்கக்கூடாது. தேநீர்க் கடையிலே மற்றவர் குடிக்கும் கிளாசிற் குடிக்கக்கூடாது. சிரட்டையும் வெறும் போத்தலும் அவர்களுக்கு ஏனமாயின. 1920களின் இறுதியில் பாடசாலைகளில் எல்லாப் பிள்ளைகளும் சமமாக ஒரே வாங்கில் அமரலாம் என்று விதி வந்தபோது, அதைப் பொறாதவர்களால் சில பள்ளிக்கூடங்கள் தீக்கிரையாக்கப்பட்டன. பிள்ளைகள் வாங்கில் அமர்ந்ததற்காகப் பள்ளிக்கூடத்தையே எரித்த வரலாறு நம் தமிழுக்கு உண்டு, நேயர்களே. அதைச் சொல்ல நாம் கூசுகிறோம். டானியல் கூசவில்லை.

1957இல் சமூகக் குறைபாடுகளைத் தடுக்கும் சட்டம் நிறைவேறிற்று. பொது இடங்களிலே சாதி காட்டி ஒருவரைத் தடுப்பது குற்றமாயிற்று. ஆயினும் சட்டப் புத்தகம் கொழும்பிலே இருந்தது; கிணறு கிராமத்திலே இருந்தது. 1966 ஒக்டோபர் 21ஆம் நாள் சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் நோக்கித் தீண்டாமைக்கு எதிரான ஊர்வலம் புறப்பட்டது. பொலிஸார் தடியடி செய்தும் அது நிற்கவில்லை. அதன் தொடர்ச்சியாகத் தீண்டாமை ஒழிப்பு வெகுஜன இயக்கம் உருவாயிற்று. தேநீர்க் கடைகளிலும் கோயில் வாயில்களிலும் போராட்டங்கள் நிகழ்ந்தன. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயிலின் வாயிலில் நடந்த ஆலயப் பிரவேசப் போராட்டம் நாடெங்கும் அறியப்பட்டது. அவ்வியக்கத்தில் டானியல் முன்னின்று உழைத்தார். ஊர் ஊராகச் சென்றார். இரவில் மண்ணெண்ணெய் விளக்கடியில் முதியவர்கள் சொன்ன பழங்கதைகளைக் கேட்டார். எந்தக் காணி எவருடையதாயிருந்தது, எந்த மரத்தின் கீழ் எவர் அடிபட்டார் என்பதை நெஞ்சிற் பதித்துக்கொண்டார்.

அவ்வாறு திரட்டியவற்றின் விளைவே 'பஞ்சமர்'. அதன் முதற்பாகம் 1972இல் வெளிவந்தது. இரண்டாம் பாகமும் சேர்ந்து 1982இல் நூலாயிற்று. அதன்பின் 'கோவிந்தன்', 1984இல் 'அடிமைகள்', 1986இல் 'கானல்' என அவர் பேனா ஓயவேயில்லை. 'தண்ணீர்', 'பஞ்சகோணங்கள்' ஆகியவை அவர் மறைந்த பின்னரே நூலுருப் பெற்றன. இவற்றைச் சேர்த்து வாசிப்பவர் ஓர் உண்மையைக் காண்பார். இவை தனித்தனி நாவல்களல்ல. ஒரு மக்கட்கூட்டத்தின் ஏறக்குறைய நூறாண்டு வரலாற்றைப் பல காண்டங்களாக வகுத்த ஒரே நூலைப் போன்றவை. 'அடிமைகள்' பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலே தொடங்கி, ஒரு பெரிய வீட்டின் நிழலிலே தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த குடிமைகளின் வாழ்வைச் சொல்கின்றது. 'கானல்' மதம் மாறினாற் சாதி மாறுமா என்று கேட்கின்றது. தாகத்தோடு ஓடியவர்களுக்குத் தொலைவில் மின்னியது நீரா, கானலா என்பதை அந்நாவலின் பெயரே சொல்லிவிடும். 'பஞ்சமர்' போராட்டக் காலத்தின் கதை.

அரசாங்கத்தின் பதிவேடுகளிலும் கோயிற் கல்வெட்டுகளிலும் காணி உறுதிகளிலும் இம்மக்களின் பெயர்களைத் தேடினால் அரிதாகவே கிடைக்கும். கிடைத்தாலும் கடன்பட்டவனாக, குற்றஞ்சாட்டப்பட்டவனாக, ஒரு காணியோடு சேர்த்து எண்ணப்பட்டவனாகவே கிடைப்பான். பெயர் வைப்பதிலும் தடை இருந்தது. கந்தசாமி என்றும் கந்தையா என்றும் மற்றவர் பிள்ளைகள் வளர, இவர்கள் பிள்ளை கந்தனாகவே நின்றுவிட வேண்டும். அந்தக் கந்தனுக்கு ஒரு பாட்டனையும், அந்தப் பாட்டனுக்கு ஒரு கோபத்தையும், அவனுடைய மனைவிக்கு ஒரு நகைச்சுவையையும், அவர்கள் மகளுக்கு ஒரு காதலையும் தந்தவர் டானியல். அவர் நாவல்களிலே பஞ்சமர் இரக்கத்திற்குரிய பாவங்களாக மட்டும் நிற்கவில்லை. தந்திரம் செய்கிறார்கள், தமக்குள் சண்டையிடுகிறார்கள், கள்ளுக் குடித்துக் கதை பேசுகிறார்கள், அஞ்சுகிறார்கள், ஒருநாள் அஞ்சாமலும் நிற்கிறார்கள். அவ்வாறே உயர்சாதியார் அனைவரும் அரக்கர்களாகவும் காட்டப்படவில்லை. பஞ்சமரோடு சேர்ந்து நின்று அதற்கான விலையைக் கொடுத்த உயர்சாதி ஏழைகளும் அவருடைய கதைகளில் உண்டு.

அவர் மொழியைப் பற்றியும் சொல்ல வேண்டும். 1960களின் தொடக்கத்திலே ஈழத்து இலக்கிய உலகில் ஒரு பெரிய வழக்கு எழுந்தது. பேச்சுத் தமிழில், அதுவும் தாழ்த்தப்பட்டவர்களின் பேச்சுத் தமிழில், கதை எழுதுவதை மரபறிந்த பண்டிதர் சிலர் இழிசனர் வழக்கு என்று பழித்தனர். முற்போக்கு எழுத்தாளர்களும் பேராசிரியர் க. கைலாசபதி போன்ற திறனாய்வாளர்களும் அதனை எதிர்த்து வாதாடினர். இலக்கணத்தைப் பற்றிய விவாதம் போலவே அது தோன்றிற்று. உண்மையிலே அதுவும் ஒரு கிணற்றடி வழக்குத்தான். தமிழ் என்னும் பொதுக் கிணற்றிலே யார் யார் தம் கையால் அள்ளலாம் என்பதே அங்கே கேள்வி. 'நயினார்' என்று கைகட்டி அழைப்பவனின் குரலையும், 'எடே' என்று ஏவுபவனின் குரலையும் அப்படியே எழுதாமல், இருவரையும் செந்தமிழ் பேச வைத்தால், அவர்களுக்கிடையே உள்ள தூரம் எப்படித் தெரியும்? ஒருவன் மற்றவனை எப்படி விளிக்கிறான் என்பதிலேதான் யாழ்ப்பாணத்துச் சமூகம் முழுவதும் அடங்கியிருந்தது. பண்டித மரபை மதிக்கின்றவன் நான். இந்தப் பேச்சைக்கூட ஏட்டுத் தமிழிலேதான் பேசுகிறேன். எனினும் அந்த வழக்கிலே நியாயம் டானியலின் பக்கமே இருந்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

நேயர்களே, இத்தகைய எழுத்து நம் நாட்டில் மட்டும் தோன்றியதன்று. 'பஞ்சமர்' வெளிவருவதற்கு ஓராண்டு முன்னர், 1971இல், அமெரிக்காவிலே ஒரு நாவல் வெளிவந்தது. எழுதியவர் ஏர்ணெஸ்ற் கெயின்ஸ் என்ற கறுப்பின எழுத்தாளர். அவர் 1933இல் லூயிசியானா மாநிலத்திலே, கரும்பும் பருத்தியும் விளையும் பெருந்தோட்டமொன்றின் தொழிலாளர் குடியிருப்பிற் பிறந்தார். அவருடைய முன்னோர் அங்கே அடிமைகளாக இருந்தவர்கள். நடக்க முடியாத அத்தை ஒருவர் தரையிலே தவழ்ந்து தவழ்ந்து வீட்டு வேலை செய்து அவரை வளர்த்தார். எழுதத் தெரியாத முதியவர்களுக்குச் சிறுவன் கெயின்ஸ் கடிதம் எழுதிக் கொடுத்தான். அயலிலே கறுப்பினப் பிள்ளைகளுக்கு உயர்நிலைப் பாடசாலை இல்லாமையால் 1948இல் கலிபோர்னியாவிலிருந்த தாயாரிடம் சென்றான். அங்கே நூலகத்திற்குள் நுழைந்து புத்தகங்களைப் புரட்டினான். ரஷ்யக் குடியானவர்களைப் பற்றிய கதைகள் இருந்தன. அவன் விட்டுவந்த குடியிருப்பின் மக்களைப் பற்றி எதுவும் இல்லை. இல்லாத அந்தப் புத்தகத்தைத் தானே எழுதத் தொடங்கினான்.

1971இல் வந்த அந்த நாவல் ஜேன் பிற்மன் என்ற மூதாட்டி தன் வாழ்க்கையைத் தானே சொல்வதுபோல் அமைந்தது. அடிமையாகப் பிறந்து நூறு வயதைத் தாண்டிய அவள் கற்பனைப் பாத்திரமே. ஆயினும் வாசகர் பலர் அதனை உண்மையான சுயசரிதை என்றே நம்பிவிட்டனர். அந்நாவல் எங்கே போய் முடிகின்றது தெரியுமா? தண்ணீரிலே! நகரத்து நீதிமன்றத்தில் வெள்ளையருக்கென ஒதுக்கிய குழாயிலே ஒரு கறுப்பினப் பெண் நீரருந்துகிறாள். அவளைக் கைது செய்கிறார்கள். அதனை எதிர்த்துப் புறப்பட்ட இளைஞன் கொல்லப்படுகிறான். அதன்பின்னும் அந்த மூதாட்டி அஞ்சாமல் நகரத்துக்குப் புறப்படுகிறாள். யாழ்ப்பாணத்துத் திருத்தகத்திலே இருந்தவரும் லூயிசியானாவின் தோட்டத்திலிருந்து வந்தவரும் ஒருவரையொருவர் அறிந்திருந்தார்கள் என்பதற்கு எந்தச் சான்றும் நான் கண்டதில்லை. இருவரும் ஒரே இடத்தில், ஒரு மிடறு தண்ணீரின் முன்னே, வந்து நிற்கிறார்கள். மனிதனை மனிதன் தாழ்த்த நினைத்தால் முதலில் அவன் வாயருகே இருக்கும் பாத்திரத்தைத்தான் பறிக்கிறான் போலும்.

இருவருடைய முடிவும் வேறுபட்டது. கெயின்ஸ் புகழ்பெற்றார், பல்கலைக்கழகத்திலே ஆசிரியரானார். தம் முன்னோர் உழைத்த அதே தோட்டத்தின் நிலத்தில் ஒரு பகுதியை வாங்கி வீடு கட்டினார். அடிமைகளாக மாண்ட முன்னோரின் இடுகாட்டைத் துப்புரவாக்கிக் காத்தார். 2019இல் அங்கேயே மறைந்தார். டானியலோ தம் மண்ணிலே கண்மூடவில்லை. நோயுற்ற நிலையில் தமிழ்நாடு சென்ற அவர் 1986 மார்ச் 23ஆம் நாள் தஞ்சாவூரிலே காலமானார். அங்கிருந்த நண்பர்களே அவரை நல்லடக்கம் செய்தனர். யாழ்ப்பாணத்தின் கிணறுகளைப் பற்றி எழுதியவர் காவிரி பாயும் நாட்டிலே துயில்கிறார்.

டானியலின் எழுத்திலே குறையே இல்லையா என்று கேட்பீர்கள். உண்டு. சம்பவத்தின்மேற் சம்பவமாக அடுக்கிச் செல்வதால் சில இடங்களிலே கதை மூச்சுத் திணறுகின்றது. பாத்திரங்கள் பேசவேண்டிய இடத்தில் ஆசிரியரின் அரசியல் பேசிவிடுவதும் உண்டு. இன்னார் இன்ன முடிவுக்கே வருவார் என்று வாசகன் முன்கூட்டியே அறிந்துவிடுகிறான். இவற்றை மறைப்பது அவருக்குச் செய்யும் மரியாதையாகாது. ஆனால் ஒன்றை மறத்தலாகாது. நூறாண்டுப் பேச்சை ஒருவரே தம் ஆயுளுக்குள் பேசி முடிக்க வேண்டியிருந்தது. பின்னே வருபவர்கள் ஆறுதலாக எழுதலாம். முன்னே வந்தவருக்கு அவகாசமில்லை. தமிழ்நாட்டிலே பூமணியின் 'பிறகு' 1979இலும், பாமாவின் 'கருக்கு' 1992இலும், சலவைத் தொழிலாளர் குடும்பம் ஒன்றை நடுவே வைத்த இமையத்தின் 'கோவேறு கழுதைகள்' 1994இலும் வெளிவந்தன. தலித் இலக்கியம் என்ற பெயர் தமிழிலே பரவுவதற்கு ஏறத்தாழ இருபதாண்டு முன்னரே டானியல் 'பஞ்சமரை' எழுதிவிட்டார்.

மற்றொரு குற்றச்சாட்டும் அவர்மேல் உண்டு. தமிழினம் துன்புற்ற காலத்தில் உட்பூசலை ஏன் கிளறுகிறீர், வீட்டு அழுக்கை ஏன் வீதியிலே விரிக்கிறீர் என்று கேட்டனர். அழுக்கு வெளுப்பவர் குடும்பத்திலே பிறந்தவரைப் பார்த்துக் கேட்ட கேள்வி அது! அழுக்கை மூடி வைத்தால் துணி வெளுக்காது என்பதை அவரைவிட நன்கறிந்தவர் யார்?

இனி, நம் கரைக்கு வருகிறேன். இது யாழ்ப்பாணத்துக் கதைதானே, நமக்கென்ன என்று நாம் இருந்துவிடலாம். நம் பகுதியிலே சாதிக் கொடுமை அந்த அளவுக்கு இருந்ததில்லை என்று பெருமையும் பேசலாம். அதில் ஓரளவு உண்மையும் உண்டு. ஆனால் நம் வட்டைகளிலே போடியார் இருந்தார். அவருக்குக் கீழே முல்லைக்காரரும் வயற்காரரும் இருந்தனர். களவெட்டியிலே சூடு மிதித்து நெல்லைக் குவித்தவன் கடைசியில் தன் சாக்கைத் தோளில் போட்டுக்கொண்டு கடன் கணக்கோடு வீடு திரும்பிய நாட்கள் உண்டு. தமிழ்க் கிராமங்களிலே பறையடித்தவரும் சலவை செய்தவரும் முடிதிருத்தியவரும் ஊர் ஓரத்திலே குடியிருந்தனர். முஸ்லிம்களாகிய எங்களிடையேயும் ஒஸ்தாமார் குடும்பங்களிலே பெண் கொடுத்துப் பெண் எடுக்க மற்றவர்கள் தயங்கியதை முதியோர் அறிவர். அக்கரைப்பற்றுக்கு மேற்கே வயல்வெளிகளைத் தாண்டினால் அளிக்கம்பை என்றோர் ஊர். முன்னர் பாம்பாட்டியும் குறிசொல்லியும் ஊர் ஊராகத் திரிந்த வனக்குறவர் குடியமர்ந்து வாழும் ஊர் அது. வீட்டிலே தெலுங்கின் ஒரு வழக்கையும் வெளியிலே தமிழையும் பேசுகின்ற அம்மக்களின் வாழ்வை அவர்கள் வாயாலேயே சொல்லும் ஒரு நாவலை நான் இன்னும் வாசித்ததில்லை.

நம் கரையிலே எழுத்தாளர் இல்லாமலில்லை. கவிஞர் நீலாவணன் உழவர் வாழ்வை 'வேளாண்மை' என்ற காவியமாகப் பாடினார். மருதமுனையின் மருதூர்க்கொத்தன் இப்பகுதி எளிய மக்களைச் சிறுகதைகளிலே வாழ வைத்தார். ஆயினும் பொட்டணி சுமந்தவரின் மகனோ மகளோ எழுதிய நாவலுக்காக இக்கரை காத்திருக்கிறது. நாம் அவர்களுக்காக எழுதிவிட முடியாது. எழுதினால் அது, எவ்வளவு அன்போடு எழுதினாலும், உயரத்திலிருந்து வார்த்த தேநீராகவே இருக்கும். நம்மாற் செய்யக்கூடியவை சில உண்டு. அப்பிள்ளைகளைப் பாடசாலையிலே நிலைக்கச் செய்யலாம். வாசிகசாலையின் கதவை அவர்களுக்குத் திறந்து வைக்கலாம். அவர்கள் எழுதிக் கொண்டுவரும் முதற்கதையிலே நம் வீட்டு முற்றம் அழகாகத் தோன்றாவிட்டால், அதற்காகச் சினங்கொள்ளாமல் இருக்கலாம். இம்மூன்றிலே கடைசியே மிகக் கடினமானது.

இந்தப் பேச்சை எழுதத் தொடங்கியபோது, கிழமைக்கொரு முறை எங்கள் வீட்டுக்கு வந்த அந்தப் பெண்ணின் பெயரை இங்கே மரியாதையோடு சொல்லித் தொடங்க வேண்டுமென விரும்பினேன். என் சாச்சியிடம் கேட்டேன். அவருக்குத் தெரியவில்லை. மூத்த ராத்தாவிடம் கேட்டேன். அயல் வீட்டு முதியவர் ஒருவரிடமும் கேட்டேன். பொட்டணியின் நிறம் அவர்களுக்கு நினைவிருந்தது. வெற்றிலை போட்ட அவருடைய சிரிப்பு நினைவிருந்தது. அந்தத் தகரப் பேணிகூட நினைவிருந்தது. பெயர் மட்டும் எவருக்கும் தெரிந்திருக்கவில்லை. இருபது ஆண்டுகளுக்குமேல் எங்கள் உடுப்பின் அழுக்கை அறிந்திருந்த ஒருவரின் பெயரை நாங்கள் ஒரு முறையேனும் கேட்டிருக்கவில்லை.

டானியலின் நாவல்கள் வாசிகசாலையிலே கிடைத்தால் எடுத்து வாசியுங்கள். வாசித்து முடித்த பின், உங்கள் வீட்டு முற்றத்திற்கு வந்துபோன ஒருவரின் பெயரை உங்கள் மூத்தோரிடம் கேட்டுப் பாருங்கள். தெரிந்திருந்தால் உங்கள் வீடு என் வீட்டைவிட நல்ல வீடு.